மழை நின்று மூன்று மாதமாகியும் ஓடை ஓடுகிறதே, எப்படி?

மார்ச் மாதம் ஊட்டிப் பக்கம் போனால் புல்வெளியெல்லாம் உறைபனியில் கருகிப் பழுப்பாகக் கிடக்கும். கடைசியாக நல்ல மழை பெய்து மூன்று மாதம் ஆகியிருக்கும். ஆனாலும் பைக்காரா சாலையில் ஏதாவது ஒரு பள்ளத்தில் வண்டியை நிறுத்திப் பாருங்கள், சின்னதாக ஒரு ஓடை சலசலத்துக்கொண்டிருக்கும். இமயமலை மாதிரி மேலே உருகுவதற்குப் பனிப்பாறை எதுவும் இங்கே இல்லை. ஜூனில் ஆரம்பித்து டிசம்பர் வரை பெய்த மழைதான் இன்னும் வந்துகொண்டிருக்கிறது. அவ்வளவு நாள் அது எங்கே இருந்தது என்பதுதான் கேள்வி.

'மரம் வளர்ப்போம், மழை பெறுவோம்' என்று பேருந்துக்குப் பின்னால் எழுதியிருப்பதைப் படித்தே வளர்ந்ததால், காடு தண்ணீரைப் பிடித்து வைக்கிறது, மரம்தான் காரணம் என்று நமக்கு உடனே பதில் வந்துவிடும். பல இடங்களுக்கு அந்தப் பதில் ஓரளவு பொருந்தும். நீலகிரியின் மேல் பீடபூமிக்கு அதை அப்படியே கொண்டுபோய் வைத்தால் சிக்கல், வைத்துத்தான் நூற்றைம்பது வருடமாகச் சிக்கிக்கொண்டிருக்கிறோம்.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன். சுமார் 1,800 மீட்டருக்கு மேலே போய்விட்டால் இந்த மலை மூன்று விதமான நிலமாகப் பிரிந்து கிடக்கும். மேடும் சரிவும் புல்வெளி. காற்று படாத மடிப்புகளில் சோலை, அதாவது குட்டையான, அடர்த்தியான, பாசி தொங்கும் மரங்கள். பள்ளத்தின் அடியில் சதுப்பு. இந்த மூன்றுக்கும் அடியில் இருப்பது சார்னோகைட் என்ற கடினமான பாறை, ஆனால் அதன் மேல்பகுதி லட்சக்கணக்கான ஆண்டுகளாக மழையிலும் வெயிலிலும் மக்கிப்போய், பல மீட்டர் ஆழத்துக்குப் பொலபொலவென்று செம்மண்ணாக மாறியிருக்கிறது. மலையின் உண்மையான தண்ணீர்த் தொட்டி இதுதான். மேலே இருக்கும் புல்லும் சோலையும் செய்யும் முக்கியமான வேலை, தண்ணீரை இந்தத் தொட்டிக்குள் இறங்க விடுவது.

இறங்க விடுவது என்றால் சாதாரண வேலை இல்லை. 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 80 சென்டிமீட்டருக்கும் மேல் மழை கொட்டியது, சென்னையில் வடகிழக்குப் பருவமழை அக்டோபர் முதல் டிசம்பர் வரை மொத்தமாகத் தருவதே ஏறக்குறைய அவ்வளவுதான். அப்படிப்பட்ட மழை வெறும் மண்ணில் நேராக விழுந்தால் ஒவ்வொரு துளியும் மண் துகள்களைச் சிதறடித்து, அந்தப் பொடியே மண்ணின் துளைகளை அடைத்துவிடும். அப்புறம் மேலே விழும் தண்ணீர் உள்ளே போக வழியில்லாமல் மண்ணையும் இழுத்துக்கொண்டு சரிவில் ஓடும். கேரட் தோட்டங்களுக்குக் கீழே மழை நாளில் ஓடும் ஓடையின் நிறத்தைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். புல் குத்துக்குத்தாக நெருங்கி நிற்கும் இடத்தில் துளி முதலில் இலையில் விழுந்து, தண்டு வழியாக வழிந்து, வேருக்குப் பக்கத்தில் மெதுவாக இறங்குகிறது.

சோலைக்குள் போய் ஒரு பிடி மண்ணை எடுத்துப் பாருங்கள். மேலே விரல் நீளத்துக்கு இலைச் சருகு, அதற்குக் கீழே பாதி மக்கிய கருப்புச் சக்கை, அதற்கும் கீழே கருத்த மண். கையில் எடுத்தால் கனமே தெரியாது, அமுக்கினால் நசுங்கும், விரலுக்கிடையில் நூல் நூலாக வேர். செத்துப்போன வேர்கள் விட்டுச்சென்ற குழல்களும் மண்புழு போன வழிகளுமாக உள்ளே ஆயிரம் துளை இருக்கும். பெருமழையின் தண்ணீர் முழுக்க மண்ணின் நுண்துளைகள் வழியாகவே இறங்க வேண்டும் என்றால் நேரம் போதாது, இந்தப் பெரிய குழல்கள்தான் அதை விறுவிறுவென்று கீழே கொண்டுபோகின்றன. சோலையில் இன்னொரு சின்ன வரவும் உண்டு: மேகம் மரங்களுக்குள் புகுந்து போகும்போது பாசியிலும் இலையிலும் ஒட்டும் நீர்த்திவலைகள் சேர்ந்து சொட்டுவது. மழைமானியில் இது பதிவாகாது.

உள்ளே போன தண்ணீர் ஏன் உடனே வெளியே வந்துவிடுவதில்லை? பிழியாத வேட்டியைக் கொடியில் போட்டால் என்ன ஆகிறது என்று யோசித்தால் போதும். முதல் சில நிமிடம் தடதடவென்று கொட்டும், அப்புறம் சொட்டும், மேல்பகுதி காய ஆரம்பித்த பிறகும் கீழ்க்கரை மட்டும் வெகுநேரம் ஈரமாகவே இருக்கும். மலைச்சரிவும் அப்படித்தான் வடிகிறது. பெரிய துளைகளில் இருந்த நீர் சீக்கிரம் இறங்கிவிடும். சிறிய துளைகளில் இருப்பது மண்ணோடு ஒட்டிக்கொண்டு, நாளுக்குக் கொஞ்சமாகக் கீழ்நோக்கி நகரும். மேட்டிலிருந்து நகர்ந்து வருவதெல்லாம் கடைசியில் பள்ளத்தில் வந்து சேர்கிறது, அங்கே நிற்பது சதுப்பு.

சதுப்பைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் நீலகிரியில் யாரும் திரும்பிப் பார்க்காத நிலம் அதுதான். எப்போதும் தண்ணீர் நிற்பதால் அங்கே மண்ணுக்குள் காற்று போவதில்லை. காற்று இல்லையென்றால் செத்த புல்லும் கோரையும் முழுதாக மக்காது. குளிர் வேறு. அதனால் வருடா வருடம் பாதி மக்கிய கருப்பு அடுக்கு ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்ந்துகொண்டே வருகிறது, இதற்குப் பெயர் பீட். காலை வைத்தால் மெத்தை மாதிரி அமுங்கி, காலை எடுத்ததும் மேலே எழும்பும். ஈரமான பீட்டின் எடையில் பெரும்பகுதி தண்ணீர்தான். தோடர்கள் தங்கள் எருமைகளை மேய்ப்பதும், கோயில் வேய்வதற்கான புல்லை எடுப்பதும் இந்தச் சதுப்புகளைச் சுற்றித்தான்.

இந்த பீட்டுக்கு இன்னொரு பெருமை உண்டு, அது ஒரு பழைய கணக்குப் புத்தகம் மாதிரி. வெப்பமண்டலப் புற்களில் பலவும் மரங்களும் கார்பன் டை ஆக்சைடை வேறு வேறு வழியில் பிடிப்பதால், அவற்றின் உடலில் கார்பன்-13 என்ற சற்றுக் கனமான கார்பனின் அளவு வேறுபடும். பீட் அடுக்குகளில் அந்த அளவைப் பார்த்து, எந்தக் காலத்தில் புல் ஓங்கியிருந்தது, எப்போது மரம் ஓங்கியது என்று சொல்லிவிடலாம். பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தைச் சேர்ந்த ஆர். சுகுமாரும் அவருடன் ஆய்வு செய்தவர்களும் 1993-ல் வெளியிட்ட முடிவின்படி, நீலகிரியில் சுமார் 20,000 ஆண்டுகளாகப் புல்வெளி இருந்துகொண்டே வந்திருக்கிறது, காலநிலைக்கு ஏற்பக் கூடியும் குறைந்தும். ஆக, மனிதன் காட்டை வெட்டியதால் மிஞ்சிய மொட்டை நிலம் இது என்ற பேச்சுக்கு இடமில்லை.

ஆனால் 19-ஆம் நூற்றாண்டில் வந்த வெள்ளைக்காரர்களுக்கு அது மொட்டை நிலமாகத்தான் தெரிந்தது. விறகுக்கும், தோல் பதனிடும் பட்டைக்கும் என்று ஆஸ்திரேலியாவிலிருந்து கற்பூர மரத்தையும் (சமவெளியில் நாம் தைல மரம் என்போம்) சீகை மரத்தையும் (ஆங்கிலத்தில் வாட்டில்) கொண்டுவந்தார்கள். சுதந்திரத்துக்குப் பிறகு நாமும் நிறுத்தவில்லை, சொல்லப்போனால் இன்னும் வேகமாக நட்டோம். மரம் நடுவது எப்படித் தப்பாகும் என்றே அன்றைக்கு எல்லோரும் நினைத்தார்கள்.

தப்பா சரியா என்று வாதம் செய்வதை விட அளந்து பார்ப்பது நல்லது. உதகையிலுள்ள மத்திய மண், நீர்வள ஆராய்ச்சி நிலையம் அதைச் செய்தது. ஊட்டிக்கு அருகே உள்ள கிளென்மார்கனில் பக்கத்துப் பக்கத்தில் இரண்டு சிறிய நீர்ப்பிடிப்புப் பகுதிகளை எடுத்துக்கொண்டார்கள். இரண்டிலும் ஓடை வெளியேறும் இடத்தில் நீரை அளந்து, சில ஆண்டுகள் சும்மா விட்டு, இரண்டும் எப்படி ஒத்துப்போகின்றன என்று குறித்துக்கொண்டார்கள். 1972-ல் ஒன்றில் மட்டும் 59 சதவீதப் பரப்பில் கற்பூர மரம் நட்டார்கள். மற்றதை இருந்தபடியே விட்டார்கள். இதில் அழகு என்னவென்றால், மழை கூடினாலும் குறைந்தாலும் இரண்டுக்கும் ஒன்றுதான், அதனால் வித்தியாசம் வந்தால் அதற்கு மரம்தான் பொறுப்பு.

ஓடையை எப்படி அளக்கிறார்கள் என்று கேட்பவர்களுக்கு: இதற்கு வழக்கமான முறை, குறுக்கே ஒரு சிறு தடுப்புச் சுவர் கட்டி, அதில் 'வி' வடிவில் ஒரு வெட்டு விட்டு, தண்ணீர் அந்த வெட்டு வழியாகத்தான் போகும்படி செய்வது. வெட்டின் கோணம் 90 பாகையாக இருந்து தண்ணீர் 10 சென்டிமீட்டர் உயரத்துக்கு நின்றால் நொடிக்குச் சுமார் 4.4 லிட்டர் போகிறது என்று அர்த்தம். 20 சென்டிமீட்டர் என்றால் இரட்டிப்பு ஆகாது, ஐந்தரை மடங்குக்கும் மேல் ஆகிவிடும். உயரத்தை மட்டும் குறித்து வைத்தால் போதும், மீதியைக் கணக்கு பார்த்துக்கொள்ளும். வெட்டின் அடி குறுகலாக இருப்பதால் கோடையின் மெல்லிய ஓட்டத்தைக்கூட இது பிடித்துவிடும், நமக்கு வேண்டியதும் அதுதான்.

முதல் பத்தாண்டில் மரம் நட்ட பகுதியிலிருந்து வந்த மொத்த நீர் 16 சதவீதம் குறைந்தது. மரங்களை வெட்டி, அடிக்கட்டையிலிருந்து மறுபடி துளிர்த்து வளர்ந்த அடுத்த பத்தாண்டில் குறைவு 25 சதவீதம் ஆனது, ஏற்கெனவே ஆழமாகப் போன வேர் அப்படியே இருந்ததால் துளிர்த்த மரம் ஆரம்பத்திலிருந்தே உறிஞ்ச ஆரம்பித்துவிட்டது. கோடைக்கால ஓட்டத்தில் விழுந்த அடி இதைவிடப் பெரியது. அதுவும் 59 சதவீதப் பரப்பில் மட்டும் நட்டதற்கு.

காரணம் சிக்கலானதில்லை. புல்லுக்கு வேர் ஆழம் குறைவு. ஜனவரி, பிப்ரவரி உறைபனியில் அது மேலே காய்ந்து தூங்கிப்போகும், தூங்கும்போது தண்ணீர் குடிக்காது. மழை இல்லாத அந்த மாதங்களில்தான் தொட்டியிலிருந்து எடுக்கும் ஒவ்வொரு லிட்டரும் ஓடைக்கு முக்கியம். கற்பூர மரமும் சீகையும் வருடம் முழுக்கப் பச்சை, வருடம் முழுக்க இலை வழியாக நீரை ஆவியாக விட்டுக்கொண்டே இருக்கும், மேல்மண் காய்ந்தால் வேர் இன்னும் கீழே போகும். சோலை மரங்களும் குடிக்கத்தான் செய்கின்றன, ஆனால் அவை மெதுவாக வளர்பவை, ஈரமான மடிப்புகளில் மட்டும் நிற்பவை, மேட்டுச் சரிவை முழுக்க அவை எப்போதும் பிடித்ததில்லை.

இதெல்லாம் ஏதோ செடி கொடி ஆர்வலர்களின் கவலை என்று தோன்றினால், அதே கிளென்மார்கனிலிருந்து கீழே பாருங்கள். பைக்காராவின் நீர் அங்கிருந்துதான் குழாயில் இறங்கி, 900 மீட்டருக்கும் மேல் கீழே உள்ள சிங்காரா மின்நிலையத்துக்குப் போகிறது, 1932-லிருந்து. அந்த உயரத்திலிருந்து ஆயிரம் லிட்டர் இறங்கினால் விரயம் போகச் சுமார் 2 யூனிட் மின்சாரம் கிடைக்கும். அதே தண்ணீர் மாயார் மின்நிலையத்தில் இன்னொரு முறை சுழலியைச் சுழற்றிவிட்டு, பவானிசாகர் போய், கீழ்பவானி வாய்க்காலில் ஈரோட்டு மஞ்சளுக்கும் நெல்லுக்கும் பாய்கிறது. மேலே ஒரு மரம் குடித்த தண்ணீர் இந்த எல்லா இடத்திலும் கணக்கில் குறைகிறது.

தொட்டி நிரம்பினால் மட்டும் நல்லது என்றும் இல்லை. மக்கிய மண் அளவுக்கு மீறி நனைந்தால் துளைகளில் நீரின் அழுத்தம் ஏறி, துகள்களுக்கு இடையிலான பிடிப்பு விட்டுப்போய்ச் சரிவே கழன்று வரும். 2009 நவம்பரில் குன்னூர், கேத்தி பக்கம் நடந்தது அதுதான், நாற்பதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். சாலைக்காகவும் கட்டடத்துக்காகவும் சரிவின் அடியை வெட்டி வைத்த இடங்களில் இந்த ஆபத்து கூடும். பள்ளத்தில் கட்டினால் வேறு விதமான தொல்லை. ஊட்டி பேருந்து நிலையமும் குதிரைப் பந்தய மைதானமும் இருப்பது ஒரு காலத்தில் ஏரியாக இருந்த இடத்தில், பெருமழை பெய்தால் தண்ணீர் தன் பழைய இடத்தைத் தேடி வந்துவிடுகிறது.

சரி, அந்நிய மரங்களையெல்லாம் வெட்டிவிட்டால் தீர்ந்ததா? அங்கேதான் அவசரப்படக் கூடாது என்பேன். சீகையின் விதை மண்ணுக்குள் பல பத்தாண்டுகள் உயிரோடு கிடக்கும். ஒரே நாளில் மொத்தமாக வெட்டி வெளிச்சம் விட்டால், அடுத்த மழைக்கு நாற்றங்கால் மாதிரி முளைத்து நிற்கும், முன்பிருந்ததை விட நெருக்கமாக. கூடவே ஸ்காட்ச் புரூம் என்ற மஞ்சள் பூப் புதரும் உள்ளே நுழையும். நாற்று சிறிதாக இருக்கும்போதே வேரோடு பிடுங்க வேண்டும், வருடா வருடம் திரும்ப வந்து பிடுங்க வேண்டும். பழனி மலையில் இன்னொன்றும் கண்டிருக்கிறார்கள்: பக்கத்தில் சோலை மிச்சம் இருந்தால், பழைய சீகைத் தோப்பின் நிழலிலேயே சோலை மரக் கன்றுகள் தானாக வளர்கின்றன. அப்படிப்பட்ட இடத்தில் கோடரியைத் தூக்காமல் இருப்பதுதான் புத்திசாலித்தனம். புல்வெளியை மீட்க நினைக்கும் சரிவில் கதையே வேறு, அங்கே மரம் போயே ஆக வேண்டும்.

சதுப்புக்கு வைத்தியம் இதைவிட எளிது, குணமாவதுதான் தாமதம். காய்கறி போடுவதற்காகப் பள்ளத்தில் வாய்க்கால் வெட்டி நீரை வடித்துவிட்டால், பீட்டுக்குள் காற்று நுழைந்து, அத்தனை ஆயிரம் வருடம் மக்காமல் இருந்தது மளமளவென்று மக்கி, கார்பன் டை ஆக்சைடாகப் போய்விடும், நிலமும் கீழே இறங்கும். அந்த வாய்க்காலின் குறுக்கே மண்ணும் கட்டையும் போட்டு அடைத்தால் நீர்மட்டம் ஏறும், மக்குவது நிற்கும், கோரையும் புல்லும் சில வருடங்களில் திரும்ப வரும். போன பீட் வராது. நன்றாக இருக்கும் ஒரு சதுப்பிலேயே அது வருடத்துக்கு ஒரு மில்லிமீட்டர் சேர்ந்தால் அதிகம்.