இமேஜ்: பிம்பமா, தோற்றமா?

உள்ளாட்சித் தேர்தல் சமயத்தில் குடியாத்தத்தில் ஒரு பிளக்ஸ் கடையில் உட்கார்ந்திருந்தேன். வேட்பாளரின் ஆள் ஒருவர் கணினித் திரையைத் தொட்டுத் தொட்டுக் காட்டினார். "கண்ணுக்குக் கீழ கருப்ப எடுத்துடு தம்பி, மீசைக்குக் கொஞ்சம் மை ஏத்து, கும்பிடற கைய வேற போட்டோல இருந்து ஒட்டு. அண்ணன் இமேஜ் முக்கியம்."

இந்த இமேஜுக்கு மூலம் லத்தீனின் 'இமாகோ'. உருவம், சாயல் என்று பொருள். பழைய ரோமில் இதற்கு இன்னொரு பொருளும் இருந்தது: உயர்பதவி வகித்த முன்னோரின் முகத்தை மெழுகில் செய்து வீட்டு முன்கூடத்தில் வைப்பார்கள், அந்த வீட்டில் சாவு விழுந்தால் ஆட்கள் அந்த முகங்களை மாட்டிக்கொண்டு ஊர்வலத்தில் நடப்பார்கள், அந்த மெழுகு முகமும் இமாகோதான். பதவியும் ஊர்வலமும் அப்போதே இந்தச் சொல்லோடு ஒட்டிக்கொண்டிருக்கின்றன.

சரி, தமிழில்? பத்திரிகைகள் 'பிம்பம்' என்று எழுதுகின்றன. அது வடசொல். அங்கே சூரிய சந்திர வட்டத்துக்கும், கண்ணாடி முன் நிற்கும் மூலப் பொருளுக்கும் பிம்பம் என்று பெயர். கண்ணாடிக்குள் தெரிவது பிரதிபிம்பம். நாமோ உள்ளே தெரிவதையே பிம்பம் என்கிறோம். 'படிமம்' கவிதைக்காரர்களிடம் போய்விட்டது.

எனக்குப் பிடித்தது 'தோற்றம்'. தோன்று என்பதிலிருந்து வருவது. "நிலையின் திரியாது அடங்கியான் தோற்றம் மலையினும் மாணப் பெரிது" என்கிறது குறள் 124. பரிமேலழகர் இங்கே தோற்றத்துக்கு உயர்ச்சி என்றே பொருள் சொல்கிறார். ஒருவரை ஊர் எவ்வளவு உயரத்தில் வைத்துப் பார்க்கிறது என்பது இந்த ஒரு சொல்லில் வந்துவிடுகிறது. 1954-இல் முதலமைச்சரான காமராசர் சட்டமன்றத்துக்குள் போக இடைத்தேர்தலில் நின்று ஜெயித்தது எங்கள் குடியாத்தத்தில்தான். அந்த வெள்ளைக் கதர்ச் சட்டையும் "பார்க்கலாம்" என்ற ஒற்றைச் சொல்லும் சேர்ந்து மக்கள் மனதில் நின்றதே, அதைத் தோற்றம் என்று சொன்னால்தான் பொருந்தும்.

அப்புறம், பிளக்ஸ் கடையில் நடந்ததற்கு? 'பிம்பக் கட்டமைப்பு' என்று கல் மண் சுமக்க வேண்டாம். அழகுபடுத்துவது, மாலை கட்டுவது, இல்லாததைக் கற்பனையாகச் சொல்வது எல்லாவற்றுக்கும் 'புனை' என்றுதான் சொல்கிறோம். ஆகவே தோற்றப் புனைவு. மீசைக்கு ஏற்றிய மை, ஒட்டுப் போட்ட கை எல்லாம் இதில் அடங்கும்.

'இமேஜ் டேமேஜ்' ஆவதற்குப் புதுச்சொல்லே தேவையில்லை. காட்பாடி பக்கம் டீக்கடையில் நின்று கேளுங்கள், "அவரு பேரு கெட்டுப்போச்சுப்பா" என்று தெளிவாகவே சொல்வார்கள்.