மணிக்கூண்டுக் கடிகாரத்தில் எண்ணெயை ஊற்றாதீர்கள்

தக்கலைக்குப் பக்கத்தில் உள்ள பத்மநாபபுரம் அரண்மனைக்குப் போகிறவர்கள் மர வேலைப்பாட்டையும் மின்னும் கருந்தரையையும் நின்று நிதானமாகப் பார்க்கிறார்கள். மணிக்கூண்டை அண்ணாந்து பார்த்து ஒரு படம் எடுப்பதோடு சரி. 1795-ல் திருவிதாங்கூர் அரசின் தலைநகரம் இங்கிருந்து திருவனந்தபுரத்துக்குப் போன பிறகும் நமக்கு மிஞ்சிய அரண்மனை அது. அங்கே போனால் மணிக்கூண்டுக்கும் ஐந்து நிமிடம் கொடுங்கள்.

கோபுரக் கடிகாரங்களைப் பழுது பார்ப்பது என் தொழில். 'கடிகாரம் நின்றுபோச்சு' என்று யாராவது கூப்பிட்டால், கடைசியாக எண்ணெய் விட்டது யார் என்றுதான் முதலில் கேட்பேன். ஒரு பழைய மணிக்கூண்டில் ஏறிப் பார்த்தபோது பல்சக்கரம் முழுக்கக் கறுப்பாக அப்பியிருந்தது. விரலில் எடுத்துத் தேய்த்தால் நறநறவென்று மணல். அக்கறையோடு மாதாமாதம் எண்ணெய் ஊற்றியிருக்கிறார்கள், பாவம். எண்ணெய் தூசியைப் பிடிக்கும். இரண்டும் சேர்ந்தால் பித்தளையை அரம்போல ராவிவிடும். அச்சு சுழலும் துளைகளில் ஒரு சொட்டு விட்டால் போதும். பற்கள் காய்ந்தேதான் இருக்க வேண்டும்.

அடுத்தது ஊசல். ஒரு பக்கம் போக ஒரு வினாடி எடுக்கும் ஊசலின் நீளம் சுமார் 99.4 சென்டிமீட்டர். அதில் 1 மில்லிமீட்டர் கூடினாலே நாளுக்கு 43 வினாடி பின்தங்கிவிடும். இரும்புத் தண்டு வெயிலில் நீளும். 10 டிகிரி சூடு ஏறினால் நாளுக்கு 5 வினாடி போய்விடும். அதனால் கோடையில் கொஞ்சம் மெதுவாக ஓடினால் பழுது என்று எதையும் திருகிவிடாதீர்கள். லண்டன் பிக் பென்னிலேயே ஊசலின் மேல் ஒரு பழைய பென்னி நாணயத்தை வைத்துத்தான் நாளுக்கு 0.4 வினாடி சரிசெய்கிறார்கள்.

வெளியிலிருந்து முள்ளைக் கையால் தள்ளவே கூடாது. எடைக்கல் தொங்கும் கயிற்றில் பிரி விட்டிருந்தால் அன்றைக்கே மாற்றுங்கள், அதன் கீழே ஒருவரையும் நிற்க விடாதீர்கள்.

எனக்கு உண்மையில் வயிறு எரிவது மோட்டார் வைக்கும்போதுதான். சாவி கொடுக்க ஆளில்லை என்று மோட்டாரை மாட்டிவிட்டு, பழைய இயந்திரத்தைப் பழைய இரும்புக்கடையில் போட்டுவிடுகிறார்கள். மோட்டார் வேண்டுமென்றால் வையுங்கள், ஆனால் பழையதைக் கழற்றும் முன் ஒவ்வொரு பாகத்தையும் படமெடுத்து, எண் போட்டு, அதே கூண்டுக்குள் பத்திரமாக வையுங்கள். இத்தனை வருடம் சாவி கொடுத்தவர் ஊரில் இருந்தால், அவரைக் கூட்டிவந்து பக்கத்தில் நிற்கவைத்துவிட்டுக் கழற்றுங்கள்.