மினிமம் டியூ கட்டிக் கிரெடிட் கார்டு கடனை அடைக்க முடியாது

வருமான வரிக் கணக்குத் தாக்கலுக்காக என் மேசைக்கு வரும் வங்கி அறிக்கைகளைப் பார்த்துப் பார்த்துச் சலித்துப்போய் இதை எழுதுகிறேன். பழைய மகாபலிபுரம் சாலை நிறுவனங்களில் நல்ல சம்பளம் வாங்குகிறவர்களின் அறிக்கைகளில் பெயரை மறைத்துவிட்டால் எது யாருடையது என்று சொல்ல முடியாது: மாதத் தொடக்கத்தில் சம்பளம், அடுத்த சில நாட்களில் நான்கைந்து தவணைகள், பிறகு மாதம் முழுவதும் ஆன்லைன் கடைகள். வேலை அலுப்புக்கு இதுதான் ஆறுதல் என்கிறார்கள். போன வாரம் வந்தவர், தவணையில் வாங்கிய ஏர்ஃபிரையரின் பெட்டியை இன்னும் பிரிக்கவில்லை என்று சிரித்துக்கொண்டே சொன்னார்.

வாங்குவது அவரவர் விருப்பம். ஆனால் கிரெடிட் கார்டு நிலுவையில் அந்த மாதம் கட்டியே ஆக வேண்டிய குறைந்தபட்சத் தொகையான மினிமம் டியூவைத் தவறாமல் கட்டினால் கடன் ஒழுங்காகக் கழிகிறது என்று படித்தவர்களே நம்புவதைத்தான் பொறுக்க முடியவில்லை. நிலுவை 80,000 ரூபாய், வங்கி கேட்பது அதில் 5 சதவீதம், அதாவது 4,000 ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். மாத வட்டி 3.5 சதவீதம் என்றால் 2,800 ரூபாய். அந்த வட்டிக்கு 18 சதவீத ஜிஎஸ்டி 504 ரூபாய். நீங்கள் கட்டிய நாலாயிரத்தில் அசலுக்குப் போவது 696 ரூபாய். ஊரில் மூன்றரை வட்டி என்றால் கந்துவட்டி என்று பதறுகிறவர், அதே விகிதம் கார்டு அறிக்கையில் அச்சாகியிருந்தால் படிப்பதுகூட இல்லை. அதோடு, நிலுவையைத் தள்ளிப்போட்டவுடன் வட்டியில்லாக் காலம் என்ற சலுகையும் போய்விடுவதால், இன்று வாங்கும் காய்கறிக்கும் இன்றிலிருந்தே வட்டி ஓடும்.

வட்டியே இல்லை என்று விற்கப்படும் தவணையான நோ காஸ்ட் இஎம்ஐ பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. பூஜ்ய வட்டி என்று ஒன்று கிடையாது என்பதை ரிசர்வ் வங்கி 2013-லேயே சொல்லிவிட்டது. செயலாக்கக் கட்டணத்தையும் வட்டி மீதான ஜிஎஸ்டியையும் அறிக்கையில் தேடிப் பாருங்கள்.

வேலையை விட்டுவிடலாமா என்று கேட்கிறவரிடம் ஆறு மாதச் செலவுக்குக் கையிருப்பு உண்டா என்று கேட்டால் பதில் வருவதில்லை. வேலையின் அலுப்பைத் தீர்க்க வாங்கிய பொருட்களின் தவணைகளே அவரை அந்த வேலையை விடவொட்டாமல் செய்கின்றன.

வங்கிக் கணக்கிலிருந்து கார்டு பாக்கியைத் தானாக எடுத்துக்கொள்ளும் ஆட்டோ டெபிட்டை மினிமம் டியூவிலிருந்து முழுத்தொகைக்கு இன்றே மாற்றுங்கள். செயலிகளில் சேமித்து வைத்த கார்டு எண்ணை நீக்குங்கள். ஏற்கெனவே சிக்கிக்கொண்டவர்கள் கார்டு தேய்ப்பதை நிறுத்திவிட்டு, குறைந்த வட்டிக்கு நகைக்கடனோ தனிநபர் கடனோ வாங்கியாவது நிலுவையை ஒரேயடியாக அடைத்துவிடுங்கள். அடைத்த மறுமாதமே அந்தக் கார்டை மறுபடியும் கையில் எடுக்காதீர்கள். தயவுசெய்து கணவன் மனைவிக்குள் இதை மறைக்க வேண்டாம். அடுத்த முறை வரும்போது இருவரின் கார்டு அறிக்கைகளையும் சேர்த்தே கொண்டுவாருங்கள்.