பகாங்கில் கிடைத்த ஒரு பல்

மலேசியாவின் பகாங் மாநிலத்தில், மெந்தகாப் பக்கம் செம்பனைக் குலை ஏற்றுவதைப் பார்த்திருக்கிறீர்களா? மரத்திலிருந்து வெட்டி இறக்க அரிவாள். லாரியில் தூக்கிப் போட, முனை கூரான இரும்புக் கம்பி. "குத்துனாதான் அண்ணே நிக்கும்" என்பார் குலை ஏற்றும் பக்கத்து வீட்டுத் தம்பி. டைனோசர் பல்லிலும் இதே கணக்குதான்.

2012இல் பகாங்கின் உட்பகுதியில் மலாயாப் பல்கலைக்கழக ஆய்வாளர்களும் ஜப்பானிய ஆய்வாளர்களும் ஒரு புதைபடிவப் பல்லைக் கண்டெடுத்தார்கள். நீளம் சுமார் 23 மில்லிமீட்டர்; கட்டைவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிது, அவ்வளவுதான். 2014 பிப்ரவரியில் அறிவிப்பு வந்தது: மலேசியாவில் அடையாளம் காணப்பட்ட முதல் டைனோசர் படிவம் இது, ஸ்பைனோசோரிட் குடும்பத்தைச் சேர்ந்தது.

ஒற்றைப் பல்லை வைத்துக் குடும்பத்தையே சொல்ல முடியுமா? முடியும். ஊனுண்ணி டைனோசர்களில் பெரும்பாலானவற்றின் பல் தட்டையானது, பின்னோக்கி வளைந்தது, ஓரம் ரம்பம் மாதிரி. சதையை அறுக்க அது போதும். ஸ்பைனோசோரிட் பல்லோ கூம்பு வடிவம், மேலே நெடுக்காக வரிகள். முதலைப் பல்லைப் போல, வழுக்கும் இரையைக் குத்திப் பிடிப்பதே அதன் வேலை. தெமர்லோ சந்தையில் உயிரோடிருக்கும் பாத்தின் மீனைக் கையில் பிடித்தவர்களுக்கு அந்த வழுக்கல் தெரியும்.

தாடையும் அப்படித்தான்: நீண்டு குறுகியது, நுனியில் மட்டும் சற்று அகன்று பெரிய பற்கள் கொண்டது. மூக்குத் துளைகள் நுனியிலிருந்து தள்ளிப் பின்னால். 1983இல் இங்கிலாந்தில் கிடைத்த, இதே குடும்பத்து டைனோசரான பாரியோனிக்ஸின் வயிற்றுப் பகுதியில் அமிலம் அரித்த மீன் செதில்கள் இருந்தன. கூடவே ஓர் இளம் தாவர உண்ணி டைனோசரின் எலும்புகளும். மீன் மட்டும்தான் என்று அது விரதம் இருக்கவில்லை!

இந்தக் குடும்பத்தின் பெரியண்ணன் ஆப்பிரிக்காவின் ஸ்பைனோசரஸ். ஏறக்குறைய 14 மீட்டர் நீளம், முதுகில் ஆளுயர எலும்புகள் தாங்கிய, கப்பல் பாய் மாதிரி விரிந்த தோல். 2020இல் அதன் வால் துடுப்பு மாதிரி இருந்ததாகத் தெரிந்ததும், நீரில் மூழ்கித் துரத்தி வேட்டையாடியது என்று சிலர் வாதிட்டார்கள். அவ்வளவு உயரமான பாயைச் சுமந்துகொண்டு நீருக்கடியில் விரட்டுவது சிரமம் என்பது மறுதரப்பு. எனக்கும் அதுதான் சரியாகப் படுகிறது: கரையோரம் கொக்கு மாதிரி நின்று, மீன் அருகில் வந்ததும் ஒரே கொத்து.

சரி, எலும்புக்கூடு இல்லாமல் பல் மட்டும் எப்படி? நமக்குப் பால்பல் விழுந்து ஒருமுறைதான் முளைக்கும். டைனோசருக்கு ஆயுள் முழுக்க விழுந்து விழுந்து முளைக்கும். மேலே பற்சிப்பி வேறு, எலும்பைவிடக் கெட்டி. ஒரே விலங்கு தன் வாழ்நாளில் எத்தனையோ பற்களைச் சேற்றில் உதிர்த்துவிட்டுப் போயிருக்கும்.