மாட்டுத் தீவனத்துக்குக் கேசிசி கடன்: பட்டா இல்லை என்று திருப்பி அனுப்பினால்

தீவனத்தைக் குறைத்துப் போட்டு மாடு வளர்ப்பதைப் போல நட்டம் தரும் வளர்ப்பு வேறில்லை. மாடு தின்பதில் முதல் பங்கு அதன் உயிரைத் தாங்கவே போய்விடுகிறது; அதற்கு மேல் மிஞ்சுவதுதான் பாலாகவோ சதையாகவோ மாறும். நெல் வைக்கோலில் நூறு கிலோவுக்குப் புரதம் 3 முதல் 4 கிலோ தான் என்பதால், பிண்ணாக்கும் தவிடும் பசும்புல்லும் இல்லாமல் மூன்று மாதம் வெறும் வைக்கோலைத் தின்ற கன்று எடை கூடாமல் அப்படியே நிற்கும். தின்ற வைக்கோலின் விலை முழுவதும் வீண். காட்டுமன்னார்கோயில் பக்கம் சம்பா அறுவடை முடிகிற நாளில் மலிவாகக் கிடைக்கும் வைக்கோலை வாங்கிப் போர் போட முடிந்தவர் தப்பித்துக்கொள்கிறார். கையில் பணமில்லாதவர் ஐப்பசி மழையில் ஏறிய விலைக்குக் கட்டுக் கட்டாக வாங்குகிறார், பிண்ணாக்கு மூட்டையைக் கடை நோட்டில் எழுதி வைத்துக் கடனாக எடுக்கிறார், கடைசியில் அளவைக் குறைத்துப் போடுகிறார்.

இந்த நிலை வரக்கூடாது என்பதற்காகவே கேசிசி, அதாவது கிசான் கிரெடிட் கார்டு எனப்படும் உழவர் கடன் அட்டையில் கால்நடை வளர்ப்பையும் சேர்த்தார்கள். 2019 பிப்ரவரியில் ரிசர்வ் வங்கி இதற்கான சுற்றறிக்கையை வெளியிட்டது. தீவனம், மருத்துவம், கூலி, தண்ணீர், மின்சாரம் ஆகிய அன்றாடச் செலவுகளுக்கு 2 லட்சம் ரூபாய் வரையிலான கடனுக்கு 7 விழுக்காடு வட்டி. உரிய தேதிக்குள் கட்டினால் அதில் 3 விழுக்காடு திரும்பக் கிடைத்து, உண்மையான வட்டி 4 விழுக்காடாக நிற்கும். தமிழ்நாட்டில் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தில் இதே கடனைப் பெற்றுத் தவணை தவறாமல் கட்டினால் வட்டியே இல்லை. அதை மாநில அரசு ஏற்கிறது. கூட்டுறவுச் சங்கத்தின் இந்தச் சலுகை தமிழ்நாட்டுக்கு உரியது. புதுச்சேரியின் பாகூர் பக்கம் கொட்டகையும் தமிழ்நாட்டின் கடலூர் முகவரியில் ஆதாருமாக இரண்டு ஆட்சிக்கும் நடுவில் வாழ்கிறவர்கள், எந்தச் சங்கத்தின் எல்லைக்குள் வருகிறோம் என்பதை விண்ணப்பிக்கும் முன்பே கேட்டுத் தெளிவது நல்லது. எல்லையைக் காரணம் காட்டி இரு பக்கமும் கைவிரிப்பது இங்கே வழக்கமாகிவிட்டது.

புவனகிரிக்கு அருகே என் தெருவில் வசிக்கும், கணவரை இழந்த ஒரு பெண்மணியுடன் வங்கிக்குப் போயிருந்தேன். இரண்டு கறவை மாடும் ஒரு காளைக்கன்றும் அவருடைய சொத்து. மேலாளர் முதலில் கேட்டது, “ஏம்மா, பட்டா யார் பேர்ல இருக்கு?” என்பதுதான். “மாமனார் பேர்ல சார்” என்று சொல்லி, மஞ்சப்பையிலிருந்து பட்டா நகலை எடுத்து நீட்டினார். பலமுறை நான்காக மடித்து மடித்து, மாமனார் பெயர் இருந்த இடத்திலேயே தாள் கிழிந்திருந்தது. “அப்ப நகை ஏதாவது இருந்தா கொண்டாங்க, உடனே போட்டுத் தர்றேன்” என்று பதில் வந்தது. அந்தக் காகிதத்தைத் தூக்கிக்கொண்டு அவர் அதுவரை நான்கு முறை நடந்திருக்கிறார். கேட்கவே கூடாத ஒரு தாளுக்காக நான்கு நாள் கூலி போயிற்று.

கால்நடைக்கான கடனுக்குச் சொந்த நிலம் நிபந்தனை இல்லை. சொந்தமாகவோ வாடகைக்கோ குத்தகைக்கோ கொட்டகை வைத்து மாடு வளர்ப்பவர், குத்தகை உழவர், சுயஉதவிக் குழு, ஒருவர் கடனுக்கு மற்றவர் பொறுப்பேற்கும் கூட்டுப் பொறுப்புக் குழு என எல்லோருக்கும் சுற்றறிக்கை இடம் தருகிறது. 2025 ஜனவரி 1 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அடமானமோ பிணையமோ கேட்கக்கூடாது என்றும் விதி உள்ளது. நகைக்கடனுக்குத் திருப்பிவிடுவது வங்கிக்கு எளிது. உங்களுக்கோ நகையும் போய், கேசிசி உரிமையும் கேட்கப்படாமலே கிடக்கும். “கேசிசி விண்ணப்பம் கொடுக்க வந்தேன், அதற்குப் பதில் எழுதித் தாருங்கள்” என்று சொல்லுங்கள். வேறு எதற்கும் தலையாட்டாதீர்கள்.

அடுத்த அலைச்சல் நிலுவையின்மைச் சான்று. சுற்று வட்டாரத்தில் உள்ள ஒவ்வொரு வங்கியிலும் கடன் பாக்கி இல்லை என்று முத்திரை வாங்கிவரச் சொல்லுவார்கள். ஒரு கிளையில் முத்திரை வைப்பவர் விடுப்பு, இன்னொன்றில் கட்டணம். கிராமப்புறத் தனிநபர் கடன்களுக்கு இந்தச் சான்று கேட்பதைக் கைவிடும்படி ரிசர்வ் வங்கி 2015-லேயே அறிவுறுத்திவிட்டது. பத்தாண்டு கடந்தும் அலைய விடுகிறார்கள் என்றால் அதற்கு மக்களின் அறியாமையைக் குற்றம் சொல்ல முடியாது.

பயிர்க்கடன் அட்டை ஏற்கெனவே இருந்தால் “இன்னொன்று தர முடியாது” என்று சொல்வதும் பாதி உண்மை. இரண்டாவது அட்டை தேவையில்லை. அதே அட்டையில் கால்நடைக்கென்று ஒரு வரம்பைச் சேர்க்கலாம். வட்டிச் சலுகை இரண்டுக்கும் சேர்த்து 3 லட்சம் வரை, அதில் கால்நடைக்கு 2 லட்சம் வரை.

மாடு வாங்க இந்தக் கடனைக் கேட்டு விண்ணப்பத்தில் அப்படியே எழுதிவிட்டுத் தள்ளுபடியானவர்கள் பலர். இது ஏற்கெனவே உள்ள மாட்டைப் பராமரிக்க மட்டுமே. இன்னொரு குறையையும் சொல்லியாக வேண்டும்: சுற்றறிக்கை கறவை மாடு வளர்ப்போர், ஆடு, பன்றி, கோழி, முயல் வளர்ப்போர் என்றே பிரித்து எழுதியிருக்கிறது, காளைக்கன்றைக் கொழுக்க வைத்து விற்பவருக்கு அதில் தனித் தலைப்பு இல்லை. கறவை மாடும் வைத்திருப்பவர் அந்தக் கணக்கில் விண்ணப்பிப்பதே வழி. தீவனத்தைச் சரியாகப் போட்டால் மிக விரைவில் பணம் தரக்கூடிய கன்றுக்கு இடம் ஒதுக்காமல் விட்டது எனக்கு இன்றும் ஏற்புடையதாக இல்லை.

விண்ணப்பிக்கும் முன் மாட்டின் காது வில்லையைப் பாருங்கள். அதிலுள்ள 12 இலக்க எண் உங்கள் பெயரில் பதிவாகியிருக்க வேண்டும். சந்தையில் வாங்கிய மாடு பழைய உரிமையாளர் பெயரிலேயே கிடக்கும். வில்லை கழன்று விழுந்துமிருக்கும். கால்நடை மருந்தகத்தில் இதைச் சரிசெய்துவிட்டு, மாட்டின் எண்ணிக்கைக்கு மருத்துவரின் சான்றையும் வாங்கிக்கொள்ளுங்கள். ஒரு மாட்டுக்கு எவ்வளவு கடன் என்பதை மாவட்ட அளவிலான தொழில்நுட்பக் குழு நிர்ணயிக்கிறது. இந்த ஆண்டின் தொகையை மாவட்டத்தின் வங்கிகளை ஒருங்கிணைக்கும் முன்னோடி வங்கி மாவட்ட மேலாளர் அலுவலகத்தில் கேட்டு எழுதிக்கொண்டு போனால், “உனக்கு இவ்வளவுதான்” என்று வாய்க்கு வந்த தொகையைச் சொல்ல முடியாது. பணம் வந்த அன்றே பாஸ்புக்கைப் பதிந்து, கேட்காத காப்பீட்டுக்குப் பிடித்தம் இருக்கிறதா என்று பாருங்கள். 3 லட்சம் வரையிலான அட்டைக்குப் பரிசீலனைக் கட்டணமும் தள்ளுபடி செய்யப்பட்டுள்ளது.

விண்ணப்பத்தை ஒருபோதும் ஒப்புகைச் சீட்டு இல்லாமல் கொடுக்காதீர்கள். “வச்சிட்டுப் போங்க, கூப்பிடுறேன்” என்ற சொல்லை நம்பி ஒரு அறுவடைக் காலத்தையே இழந்தவர்கள் உண்டு. மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். சிறு கடன்களுக்கு அதைத் தருவது வங்கியின் கடமை. முதலில் அதே வங்கிக்கு எழுத்தில் புகார் கொடுத்து, 30 நாளில் பதில் இல்லையென்றாலோ பதில் சரியில்லையென்றாலோ ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளருக்குக் கட்டணமின்றி எழுதலாம். 14448 என்ற எண்ணில் வழிமுறையைத் தமிழிலும் கேட்கலாம். கிராமக் கூட்டுறவுச் சங்கம் என்றால் இந்த வழி உதவாது. கூட்டுறவு இணைப்பதிவாளருக்கு எழுதி, அதன் நகலை மாவட்ட ஆட்சியரின் விவசாயிகள் குறைதீர் கூட்டத்தில் கொடுங்கள்.

கடன் கிடைத்தபின் கெடு தேதியைக் கொட்டகைச் சுவரிலேயே எழுதி வையுங்கள். ஒரு நாள் தாண்டினாலும் அந்த 3 விழுக்காடு போய்விடும்; சங்கக் கடனில் வட்டியில்லாச் சலுகையே போய்விடும். நினைவூட்டி யாரும் கடிதம் அனுப்ப மாட்டார்கள். என் தெருப் பெண்மணிக்கு ஒப்புகைச் சீட்டும் எழுத்துப் புகாரும் போனபின் கடன் கிடைத்தது, ஆனால் தை அறுவடை வைக்கோல் விற்றுத் தீர்ந்த பிறகு. ஆகவே அறுவடைக்கு இரண்டு மாதம் முன்பே, கார்த்திகையிலேயே விண்ணப்பத்தைக் கொடுத்துவிடுங்கள்.