இருட்டில் கால் எப்படி வழி அறிகிறது?

விடியமுன் ஐந்து மணிக்குத் திருகோணமலை உப்புவெளிக் கடற்கரையில் நடந்து பாருங்கள். சூரியன் இன்னும் கடலுக்குக் கீழேதான். வள்ளங்கள் கறுப்பாகத் தெரியும். மணலில் மேடு எது, பள்ளம் எது என்று தெரியாது. ஆனாலும் விழாமல் நடக்கிறோம். எனக்கு ஒவ்வொரு நாளும் இது வியப்புத்தான்.

ஐம்புலன் என்றே சொல்லிப் பழகிவிட்டோம். கண்ணை மூடிக்கொண்டு மூக்கு நுனியைத் தொட முடிகிறதே, அந்தத் திறன் ஐந்துக்குள் அடங்காது. தசைகளுக்குள்ளே, நூல் நூற்கும் கதிரின் வடிவில், நுண்ணிய உணரிகள் இருக்கின்றன. தசை எவ்வளவு நீள்கிறது, எவ்வளவு வேகமாக நீள்கிறது என்பதை அவை ஓயாமல் அறிவிக்கும். தசையை எலும்போடு இணைக்கும் தசைநாணில் உள்ளவை இழுவையை அளக்கும். 1906இல் சார்ள்ஸ் ஷெரிங்டன் என்ற ஆங்கிலேய உடலியலாளர் இந்த உணர்வுக்குத் தனிப்பெயரே வைத்தார்.

சரி, நண்டு வளையில் கால் இறங்கிவிட்டது என்று வையுங்கள். கணுக்கால் சடாரென்று சரியும், தசை இழுபடும். செய்தி முதுகெலும்புக்குள் ஓடும் முண்ணாணுக்குப் போய், மூளையைக் கேட்காமலே அங்கிருந்து பதில் வந்துவிடும். கண்ணால் கண்டு காலை அசைக்கச் சுமார் 0.2 விநாடி வேண்டும். இந்தக் குறுக்குவழிக்கு அதில் கால்வாசி போதும். தலை எந்தப் பக்கம் சுழல்கிறது என்பதை உட்செவியின் மூன்று அரைவட்டக் கால்வாய்கள் சொல்லும். அப்புறம்தான் மூளி, அதாவது சிறுமூளை, எல்லாவற்றையும் சேர்த்து அடுத்த அடியைத் திருத்தும்.

உள்ளங்கால் தோலும் அழுத்தத்தை அறியும். தடித்த செருப்பு அந்தச் செய்தியை மழுக்கிவிடும். கண்ணாடித்துண்டு, தூண்டில் முள் இல்லாத துப்புரவான கரையென்றால் வெறுங்காலே நல்லது.

ஒரேயொரு வேண்டுகோள்: போன் லைற்றைப் போடாதீர்கள். மங்கிய ஒளியில் பார்க்க உதவும் கண்ணின் கோல் கலங்கள் இருட்டுக்கு முழுதாகப் பழக இருபது, முப்பது நிமிடம் எடுக்கும். பளிச்சென்ற வெளிச்சம் பட்டால் அது நொடியில் கெட்டு, முதலிலிருந்து தொடங்கவேண்டும். பழகிய கண்ணோடு தூரத்து வள்ளமொன்றை நேரே பாருங்கள், மங்கி மறையும். பார்வையின் நடுப்புள்ளியில் கோல் கலங்கள் இல்லை. பார்வையைச் சற்று விலக்குங்கள், வள்ளம் திரும்பவும் தெரியும்.