விருந்தில் கெட்டது எது?

ஒரு வாரத்தில் பத்துப் பேருக்கு வயிற்றுப்போக்கு. இது நோய்ப்பரவலா? அந்த ஊரில், அந்தப் பருவத்தில் வழக்கமாக எத்தனை பேருக்கு வரும் என்று தெரிந்தால்தான் சொல்ல முடியும். வழக்கத்தை மீறினால் பரவல். நிபா, போலியோ போன்றவற்றுக்கு ஒரே ஒரு நோயாளி போதும், விசாரணை தொடங்கிவிடும்.

முதல் வேலை, யாரை நோயாளியாகக் கணக்கில் எடுப்பது என்று எழுதிவைப்பது: இந்தத் தெரு, இந்தத் தேதிகள், 24 மணி நேரத்தில் மூன்று முறையாவது தண்ணீராகப் போனவர். வரையறை தளர்ந்தால் வேறு நோய்க்காரர்களும் பட்டியலில் புகுந்து தடயத்தைக் குழப்புவார்கள். இறுகினால் உண்மையான நோயாளிகள் விடுபடுவார்கள்.

அடுத்து நடக்கும் தவறுதான் பெரியது: படுத்தவர்களை மட்டும் விசாரிப்பது. நன்றாக இருப்பவர்களையும் அதே கேள்விகளைக் கேட்டே ஆக வேண்டும். ஏன் என்பதற்கு 1940 ஏப்ரல் 18 அன்று நியூயார்க் மாநிலத்தின் ஆஸ்வீகோ மாவட்டத்தில் நடந்த தேவாலய விருந்தைப் பார்க்கலாம். விருந்துக்கு வந்த 80 பேரில் 75 பேரை விசாரித்தார்கள். 46 பேருக்கு வாந்தி, குமட்டல், வயிற்றுப்போக்கு.

பன்றி இறைச்சி சாப்பிட்ட 46 பேரில் 29 பேர் படுத்துவிட்டார்கள், அதாவது 63 சதவீதம். குற்றவாளி கிடைத்துவிட்டதுபோல் தோன்றும். ஆனால் அதைத் தொடாத 29 பேரிலும் 17 பேருக்கு நோய், 59 சதவீதம். இறைச்சி மேல் பழி இல்லை. வெனிலா ஐஸ்கிரீமைப் பாருங்கள்: சாப்பிட்ட 54 பேரில் 43 பேர், 80 சதவீதம், சாப்பிடாத 21 பேரில் மூவர் மட்டும், 14 சதவீதம். கிட்டத்தட்ட ஆறு மடங்கு வித்தியாசம்! சாப்பிட்டதை மறந்தவர்கள், கரண்டி மாறிப் பரிமாறப்பட்டவர்கள் என அந்த மூவரைப் போன்றவர்கள் எல்லா விசாரணையிலும் இருப்பார்கள்.

நேரமும் சாட்சி சொன்னது. பெரும்பாலோருக்கு நான்கு மணி நேரத்தை ஒட்டியே தொல்லை தொடங்கியது. குடலைத் தாக்கும் சால்மொனெல்லா கிருமிக்குப் பொதுவாக ஆறு மணி நேரத்துக்கு மேல் பிடிக்கும். இவ்வளவு சீக்கிரம் வந்தால் ஸ்டாஃபைலோகாக்கஸ் என்ற கிருமி கக்கி, உணவிலேயே ஊறியிருந்த நச்சைத்தான் சந்தேகிக்க வேண்டும். ஐஸ்கிரீமுக்காகக் காய்ச்சிய பால்-முட்டைக் கலவை இரவு முழுக்கத் தேவாலயத்தின் நிலவறையில் இருந்திருக்கிறது. மறுநாள்தான் உறைய வைத்தார்கள். கையிலிருந்தோ மூக்கிலிருந்தோ விழும் கிருமி பெருகி நச்சு கக்க அந்த ஓர் இரவு தாராளம். மறுபடி கொதிக்க வைத்தால் கிருமி சாகும், நச்சு அப்படியே இருக்கும்.